மின்னஞ்சலைக் கண்டுபிடித்தது யார்? – என் பதிவுக்கு ஒரு திருத்தம்



ஆகஸ்ட் 30 அன்று நம் வாட்ஸ்அப் குழுவில் நான் அனுப்பிய செய்தி நினைவிருக்கும். "இன்று மின்னஞ்சல் பிறந்த நாள். கண்டுபிடித்தவர் நம் தமிழர் சிவா அய்யாதுரை." பலரும் கைகூப்பும் படம் போட்டிருந்தீர்கள். ஒருவன் மட்டும் தனியாக எழுதினான்: "சார், கோவிச்சுக்காதீங்க, இது சரியில்லை. விக்கிப்பீடியாவில் அவரைப் பற்றிய கட்டுரையின் பேச்சுப் பக்கத்தைப் பாருங்க." பெங்களூரில் வேலை பார்ப்பவன். பகலில் கம்பெனி வேலை, இரவில் சம்பளமில்லாமல் விக்கிப்பீடியா கட்டுரைகளைத் திருத்துகிறான். எட்டாம் வகுப்பில் வரைபடத்தில் கோதாவரியை இடம் மாற்றிக் குறித்து என்னிடம் திட்டு வாங்கியவன்தான்.

பேச்சுப் பக்கம் என்று ஒன்று இருப்பதே எனக்கு அன்றுதான் தெரியும். கட்டுரை வீட்டின் கூடம் என்றால் இது திண்ணை. எழுதுகிறவர்கள் உட்கார்ந்து வாதாடும் இடம். ஆங்கிலத்தில் இருப்பதால் அகராதியோடு இரண்டு நாள் வாசித்தேன். "கண்டுபிடித்தவர்" என்ற ஒரு சொல்லைப் போடலாமா கூடாதா என்பதற்குத்தான் அத்தனை வாதம். யாருக்கும் காசு கிடையாது.

ஒரு தரப்பின் வாதம்: மும்பையில் பிறந்து, 7 வயதில் அமெரிக்கா போன தமிழ்ப் பையன், 1978இல், 14 வயதில், நியூ ஜெர்சியில் உள்ள ஒரு மருத்துவப் பல்கலைக்கழகத்துக்காக ஃபோர்ட்ரான் மொழியில் நிரல் எழுதினான். அலுவலகத்தில் தாளில் சுற்றி வந்த குறிப்புக் கடிதங்களை அப்படியே கணினிக்குக் கொண்டுவந்தான். வந்த கடிதம், அனுப்பிய கடிதம், முகவரிப் புத்தகம் எல்லாம் அதில் உண்டு. பெயர் "ஈமெயில்". 1982 ஆகஸ்ட் 30இல் அமெரிக்க அரசின் பதிவும் கிடைத்தது. இவை எல்லாம் உண்மை. அந்த வயதில் அது பெரிய சாதனை என்பதில் எனக்கு இப்போதும் சந்தேகமில்லை.

மறுதரப்பு தேதிகளை எடுத்து வைக்கிறது. 1965இலேயே எம்.ஐ.டி.யில் ஒரே கணினியைப் பகிர்ந்து பயன்படுத்தியவர்கள் ஒருவருக்கொருவர் கடிதம் விட்டுவைக்க "மெயில்" என்ற கட்டளை இருந்தது. 1971இல் ரே டாம்லின்சன் ஆர்ப்பாநெட் வலையில் ஒரு கணினியிலிருந்து இன்னொரு கணினிக்குச் செய்தி அனுப்பினார். நாம் தினமும் தட்டும் @ குறியை முகவரிக்குள் கொண்டுவந்தவர் அவர்தான். பெறுநர், நகல், பொருள் என்ற தலைப்பு வரிகளுக்கான விதிகள் 1977 நவம்பரிலேயே ஆர்.எஃப்.சி. 733 என்ற ஆவணமாக வந்துவிட்டன. 1978க்கு முந்தைய ஆண்டு!

என்னை உட்கார வைத்தது இன்னொரு விஷயம். அரசு தந்தது பதிப்புரிமை. அதாவது "இந்த நிரலை எழுதியவர் இவர்" என்ற சான்று. புதிதாகக் கண்டுபிடித்ததற்குத் தருவது காப்புரிமை. அது வேறு. நம் தமிழ்ச் செய்திகள் இரண்டையும் "காப்புரிமை" என்றே போட்டுவிடுகின்றன. நானும் அப்படித்தான் சொல்லிக் கொடுத்தேன். அந்தக் காலத்தில் நிரலுக்குப் பதிப்புரிமைதான் வழி என்பது அவர் தரப்பு பதில். இருக்கட்டும், அதனால் 1971 மாறிவிடாதே.

விக்கிப்பீடியாவில் சொந்தக் கருத்துக்கு இடமில்லை, நம்பகமான வெளியீட்டில் வந்திருக்க வேண்டும் என்பது விதி. இங்கேதான் சிக்கல். 2012 பிப்ரவரியில் வாஷிங்டன் போஸ்ட் நாளிதழே அவரைப் பாராட்டிக் கட்டுரை போட்டது. பத்திரிகையே சொல்லும்போது மறுப்பது எப்படி? கணினி வரலாறு அறிந்தவர்கள் எதிர்ப்பு எழுதினார்கள். பத்திரிகை திருத்தம் வெளியிட்டது. இன்று அந்தக் கட்டுரையில் "கண்டுபிடித்தவர்" இல்லை; அவர் அப்படி உரிமை கோருகிறார் என்றுதான் இருக்கிறது. தமிழர் என்பதால் மறைக்கிறார்கள் என்று எனக்கும் முதலில் கோபம் வந்தது.

பிறகு நம் ஊரை நினைத்துப் பார்த்தேன். சித்தூர் மாவட்டத்தில் இருந்த திருத்தணி 1960 ஏப்ரல் 1இல் தமிழ்நாட்டோடு சேர்ந்தது. அதற்கு ம.பொ.சி. பாடுபட்டது ஊரறிந்தது. ஆனால் அவர் ஒருவரே வாங்கித் தந்தார் என்று யாராவது எழுதினால், இந்தப் பக்கத்துக் கிராமங்களில் தமிழ் கற்பித்து, எல்லைப் போராட்டத்திலும் நின்ற மங்கலங்கிழார் எங்கே என்று கேட்க மாட்டோமா? டாம்லின்சன் 2016இல் காலமானார். அவரை விட்டுவிட்டு நான் பாடம் நடத்தியிருக்கிறேன்.

2012இல் பத்திரிகைச் செய்தியை வைத்து வகுப்பில் ஒரு சார்ட் எழுத வைத்தேன்: "மின்னஞ்சலின் தந்தை". எழுதியவள் இந்தக் குழுவிலேயே இருக்கிறாள், முத்து முத்தான கையெழுத்து. சார்ட் இன்னும் அந்தச் சுவரில்தான் தொங்குகிறதாம். நேற்று அவளுக்குப் போன் செய்து விஷயத்தைச் சொன்னேன். "ஆடிக் கிருத்திகைக்கு ஊருக்கு வரும்போது நானே வேற எழுதித் தரேன் சார், ரெண்டு பேர் பேரையும் போடலாமா?" என்றாள்.

போடலாம் என்றேன். தேதிகளோடு.