அட்லாண்டிஸ் கணக்கு முடித்த கதை

ஃபுளோரிடாவுக்கு விடுமுறைக்குப் போகிறவர்கள் டிஸ்னிக்குப் போவார்கள். நாங்களும் போனோம். மறுநாள் பையன் பிடித்த பிடிவாதத்தில் கென்னடி விண்வெளி மையத்துக்கும் போனோம். அங்கே ஒரு பெரிய கூடத்தில் அட்லாண்டிஸ் ஓடத்தை வைத்திருக்கிறார்கள். 43.21 டிகிரி சாய்ந்து, சரக்கறைக் கதவுகளைத் திறந்தபடி, இன்னும் வானத்தில் இருப்பது போலவே தொங்குகிறது. பையன் சுற்றிச் சுற்றிப் பார்த்துவிட்டுக் கேட்டான்: "ஏம்ப்பா, நல்லாத்தானே இருக்கு? எதுக்கு நிறுத்திட்டாங்க?"

"பழசாயிடுச்சுடா" என்று சொல்லிவிட்டேன். அந்த நேரத்துக்கு வாயில் வந்த பதில் அது. வீட்டுக்கு வந்து உட்கார்ந்து படித்த பிறகுதான் நான் சொன்னது சரியில்லை என்று புரிந்தது. அவனுக்குச் சொல்லவேண்டிய சரியான பதிலைத்தான் இங்கே எழுதிவைக்கிறேன்.

பி.காம். படித்து வங்கியில் குப்பை கொட்டுகிறவனுக்கு ராக்கெட்டோடு என்ன வேலை என்று கேட்காதீர்கள். இந்தக் கதையில் பாதிக்கு மேல் கணக்குதான். தவிர, எனக்குச் சொந்த ஊர் திருப்பதி. எங்கள் ஊர்ப் பெருமாளே கடன்காரர். பத்மாவதித் தாயாரைக் கல்யாணம் செய்துகொள்ளக் குபேரனிடம் வாங்கிய கடனுக்கு இன்னமும் வட்டி கட்டிக்கொண்டிருக்கிறார், உண்டியலில் விழுவதெல்லாம் வட்டிக்கே சரியாகப் போகிறது, அசல் அப்படியே நிற்கிறது என்பது மலையேறும் எல்லோருக்கும் தெரிந்த கதை. ஸ்பேஸ் ஷட்டில் கதையும் ஏறக்குறைய அப்படித்தான்.

1972 ஜனவரி 5 அன்று அதிபர் நிக்சன் இந்தத் திட்டத்துக்கு ஒப்புதல் கொடுத்தார். ஒருமுறை ஏவித் தூக்கிப்போடுகிற ராக்கெட்டுக்குப் பதிலாக, விமானம் போலப் போய்த் திரும்பி வந்து மறுபடி போகும் வண்டி. ஒரு பயணத்துக்குச் சுமார் ஒரு கோடி டாலர் ஆகும் என்று கணக்குக் காட்டினார்கள். அது 1971 விலை. விலைவாசி ஏற்றத்தைச் சேர்த்தால்கூட 2011இல் ஆறு கோடி டாலருக்குள் அடங்கியிருக்க வேண்டும்.

அடங்கவில்லை. மொத்தத் திட்டத்துக்கும் 2011 விலையில் ஏறக்குறைய 19,600 கோடி டாலர் செலவானது. பயணங்கள் 135. வகுத்துப் பாருங்கள், ஒரு பயணத்துக்கு 145 கோடி டாலர்.

எங்கே தவறியது? கடன் விண்ணப்பத்தோடு வரும் திட்ட அறிக்கையைப் படித்துப் பழகியவர்களுக்கு உடனே பிடிபடும். விற்பனை மதிப்பீட்டில்தான். ஆண்டுக்கு ஐம்பது பயணம் வரை போகலாம் என்று பேசினார்கள். அத்தனை முறை பறந்தால் நிலையான செலவு ஐம்பதாகப் பிரியும், ஒவ்வொரு பயணமும் மலிவாகும். நடந்தது என்ன? அதிகபட்சமாகப் பறந்த ஆண்டு 1985. அந்த ஆண்டில் ஒன்பது பயணம். ஆனால் ஒன்பது முறை பறந்தாலும் ஒருமுறைகூடப் பறக்காவிட்டாலும் ஆயிரக்கணக்கான ஊழியர்களுக்குச் சம்பளம் உண்டு, கட்டடங்களுக்குப் பராமரிப்பு உண்டு.

ஏன் அடிக்கடி பறக்க முடியவில்லை என்பதற்குக் காரணம் அந்த வண்டியின் உடம்பிலேயே இருக்கிறது. வெப்பம் தாங்க 24,000க்கும் மேற்பட்ட ஓடுகள். ஒவ்வொன்றும் அதனதன் இடத்துக்கென்று செய்தது. ஒவ்வொரு முறை இறங்கிய பிறகும் அவற்றைப் பார்த்துச் சரிசெய்ய வேண்டும். மூன்று பிரதான எஞ்சின்களையும் கழற்றிச் சோதிக்க வேண்டும். பக்கவாட்டு பூஸ்டர்களை அட்லாண்டிக் கடலிலிருந்து இழுத்து வந்து பிரித்து மறுபடி நிரப்ப வேண்டும். அந்தப் பெரிய ஆரஞ்சு நிற எரிபொருள் தொட்டியோ திரும்பி வருவதே இல்லை. மறுபயன்பாடு என்ற பெயர் சரிதான். ஆனால் ஒவ்வொரு முறையும் பாதி வண்டியைப் புதிதாகக் கட்டுகிற வேலை.

பணம் மட்டும் கோவிந்தா என்றால் இன்னும் பல வருஷம் ஓட்டியிருப்பார்கள். அரசாங்கம்தானே. ஆனால் உயிரும் போனது.

1986 ஜனவரி 28 அன்று சேலஞ்சர் கிளம்பிய 73ஆவது நொடியில் ஏழு பேரோடு சிதறியது. பூஸ்டர் இணைப்பில் இருந்த ரப்பர் வளையம் குளிரில் விறைத்துப்போனது காரணம். அந்த வளையங்கள் அரிக்கப்படுவதை முந்தைய பயணங்களிலேயே பார்த்திருந்தார்கள். ஆபத்து எதுவும் நேராததால் பழகிவிட்டது.

2003 பிப்ரவரி 1. வங்கி வேலையில் நான் சேர்ந்த புதிது. சனிக்கிழமை சாயங்காலம், திருப்பதி வீட்டில் எல்லோரும் டிவி முன்னால் உட்கார்ந்திருந்தோம். கல்பனா சாவ்லா இறங்குகிறார் என்று செய்தியில் சொன்னார்கள். இறங்கவேண்டிய நேரம் நமக்கு இரவு ஏழே முக்கால். அதற்குக் கால் மணி நேரம் முன்பே கொலம்பியா டெக்சஸ் வானத்தில் உடைந்துவிட்டது. திரையில் சில வெள்ளைக் கோடுகள் பிரிந்து பிரிந்து போயின. அம்மா எழுந்துபோய் சாமி விளக்கைத் தூண்டிவிட்டு வந்தாள். யாரும் பேசவில்லை.

பதினாறு நாள் முன்னால், கிளம்பும்போதே, எரிபொருள் தொட்டியிலிருந்து பெயர்ந்த ஒரு நுரைத் துண்டு இடது இறக்கையின் முன் விளிம்பில் மோதியிருந்தது. இறக்கையைப் படம் எடுத்துப் பார்க்கலாம் என்று பொறியாளர்கள் கேட்டார்கள். மேலே இருந்தவர்கள் ஏற்கவில்லை. நுரை பெயர்வது அதற்கு முன்னாலும் நடந்திருக்கிறது, ஒன்றும் ஆகவில்லையே என்ற நினைப்பு. போன தவணை தாமதமாக வந்தாலும் வந்துவிட்டது, இந்தத் தவணையும் வந்துவிடும் என்று வாராக்கடனை நல்ல கடன் பட்டியலிலேயே வைத்திருக்கும் மேலாளரை எனக்குத் தெரியும். இங்கே போனது ஏழு உயிர். அந்த ஆண்டு ஆகஸ்டில் வந்த விசாரணைக் குழு அறிக்கை, நுரைத் துண்டுக்கு இணையாக நாசாவின் இந்த நினைப்பையும் காரணமாக எழுதியது.

அடுத்த ஆண்டு, 2004 ஜனவரி 14 அன்று, அதிபர் புஷ் அறிவித்தார்: சர்வதேச விண்வெளி நிலையத்தைக் கட்டி முடித்ததும் ஷட்டிலுக்கு ஓய்வு. ஆக, முடிவு 2011இல் எடுத்ததல்ல. அதற்கு ஏழு ஆண்டு முன்பே எடுத்தாகிவிட்டது. மிச்சமிருந்தது கணக்கை முடிக்கும் வேலை.

எனக்கு மிகவும் பிடித்த பகுதி இதுதான். கொலம்பியாவுக்குப் பிறகு 22 பயணங்கள் நடந்தன. ஒரு உயிர்கூடப் போகவில்லை. 2005 ஜூலையில் முதல் பயணத்திலேயே மறுபடி நுரை பெயர்ந்தது. ஒன்றும் ஆகவில்லையே என்று இந்த முறை விடவில்லை. ஒரு வருஷம் நிறுத்தி வைத்தார்கள். விண்வெளி நிலையத்தை நெருங்கும்போது ஓடம் ஒரு குட்டிக்கரணம் போடும், நிலையத்தில் இருப்பவர்கள் அதன் வயிற்றைப் படம் எடுத்து ஓடுகளைப் பார்ப்பார்கள். 2009இல் ஹப்பிள் தொலைநோக்கியைச் சரிசெய்ய அட்லாண்டிஸ் போனபோது, நிலையத்தில் போய் ஒண்டிக்கொள்ள வழியில்லை என்பதால், மீட்கப் போக என்டெவரை இன்னொரு ஏவுதளத்தில் தயாராக நிறுத்தி வைத்தார்கள். மூடப்போகிற கடையில் இவ்வளவு பொறுப்பாக வேலை செய்து நான் பார்த்ததில்லை.

கடைசி மூன்றும் 2011இல். டிஸ்கவரி 2010 நவம்பரிலேயே கிளம்பியிருக்க வேண்டியது. தொட்டியில் விரிசல் தெரிந்ததால் பிப்ரவரி 24 வரை தள்ளிப்போட்டார்கள். அது டிஸ்கவரியின் 39ஆவது பயணம். மே 16 அன்று என்டெவர் கிளம்பியது. அதன் தளபதி மார்க் கெல்லி. அவர் மனைவி, காங்கிரஸ் உறுப்பினர் கேப்ரியல் கிஃபர்ட்ஸ், அந்த ஜனவரியில்தான் தலையில் குண்டடி பட்டுப் பிழைத்திருந்தார். ஏவும்போது அவரும் வந்து பார்த்தார்.

ஜூலை 8 அன்று அட்லாண்டிஸ். 31 நொடி மிச்சம் இருக்கும்போது எண்ணிக்கையை நிறுத்தினார்கள். தொட்டியின் உச்சியிலிருக்கும் கை முழுதாக விலகிவிட்டதா என்று சந்தேகம். கேமராவில் பார்த்து உறுதி செய்த பிறகே விட்டார்கள். உள்ளே நான்கே பேர்: ஃபெர்குசன், ஹர்லி, சான்ட்ரா மேக்னஸ், வால்ஹைம். வழக்கமாக ஆறேழு பேர் போகும் வண்டியில் ஏன் நான்கு? ஏதாவது ஆனால் மீட்க இனி வேறு ஓடம் கிடையாது. ரஷ்யாவின் சோயுஸில் ஒவ்வொருவராகத்தான் திரும்ப வேண்டும். அதனால்தான்.

நிலையத்துக்கு ஒரு வருஷத்துக்கான சாமான்களை இறக்கிவைத்துவிட்டு, ஜூலை 21 விடியுமுன் 5.57க்கு அட்லாண்டிஸ் இறங்கியது. 1981 ஏப்ரல் 12இல் தொடங்கிய கணக்கு முடிந்தது. அதே வாரத்தில் அங்கே ஆயிரக்கணக்கானோர் வேலை இழந்தார்கள். தன் கடைசி வேலை நாள் எது என்று தெரிந்தும் கடைசி ஓடு வரை சரிபார்த்த ஊழியர்கள் அவர்கள்.

கிளம்பும் முன் நிலையத்தில் ஒரு சின்னக் கொடியை வைத்துவிட்டு வந்தார்கள். 1981இல் முதல் ஷட்டிலில் பறந்த கொடி. அமெரிக்க மண்ணிலிருந்து அடுத்து வருபவர் எடுத்துக்கொள்ளட்டும் என்று ஏற்பாடு. ஒன்பது வருஷம் காத்திருந்தது. அதுவரை அமெரிக்கர்கள் சோயுஸில் டிக்கெட் வாங்கித்தான் போனார்கள், ஒரு இருக்கை விலை எட்டுக் கோடி டாலரையும் தாண்டியது. 2020இல் ஸ்பேஸ்எக்ஸ் வண்டியில் போய் அந்தக் கொடியை எடுத்து வந்தவர் அதே ஹர்லிதான்!

இப்போது எங்கள் ஊருக்கு வருகிறேன். 2022 ஏப்ரலில் மாவட்டங்களைப் பிரித்தபோது சித்தூரிலிருந்து திருமலையும், நெல்லூரிலிருந்து ஸ்ரீஹரிகோட்டாவும் புதிய திருப்பதி மாவட்டத்துக்கு வந்துவிட்டன. பெருமாளும் ராக்கெட்டும் இப்போது ஒரே கலெக்டருக்குக் கீழே :-) ராக்கெட் ஏவும் முன் இஸ்ரோக்காரர்கள் அதன் சின்ன மாதிரியை எடுத்துக்கொண்டு மலைக்கு வருவது வழக்கம். 2023 ஜூலையில் சந்திரயான்-3க்கும் வந்தார்கள். கல்பனா-1 செயற்கைக்கோளும் 2002 செப்டம்பர் 12 அன்று அங்கிருந்து போனதுதான். போகும்போது அதற்கு மெட்சாட் என்று பெயர். கொலம்பியா விபத்து நடந்த நான்கே நாளில் பிரதமர் வாஜ்பாய் கல்பனாவின் பெயரை அதற்கு வைத்தார்.

அதே தீவிலிருந்து 2016 மே 23 அன்று இஸ்ரோவும் 1.75 டன் எடையில் இறக்கை வைத்த குட்டி ஓடம் ஒன்றை 65 கிலோமீட்டர் உயரத்துக்கு அனுப்பியது. ஆள் இல்லாத சோதனை. வங்கக் கடலில் இறங்கியது, திரும்ப எடுக்கவில்லை. பிறகு கர்நாடகாவின் சித்ரதுர்காவில் ஹெலிகாப்டரிலிருந்து விட்டு ஓடுதளத்தில் இறக்கிப் பழகினார்கள். புஷ்பக் என்று பெயர். 2024 மார்ச்சில் இறங்கிய அதே உடம்பையும் கருவிகளையும் மாற்றாமல் ஜூனில் மறுபடி இறக்கினார்கள். செய்தித்தாளில் சின்னச் செய்தியாகத்தான் வந்தது. எனக்கு அந்த "மாற்றாமல்" என்ற வார்த்தைதான் பெரிதாகப் பட்டது. ஷட்டிலால் முப்பது வருஷத்தில் முடியாமல் போனது அதுதான்.

அட்லாண்டிஸ் கடைசியாகக் கிளம்பியது 39 ஏ என்ற ஏவுதளத்திலிருந்து. கல்பனா 2003இல் கிளம்பியதும் ஹர்லி 2020இல் கிளம்பியதும் அங்கிருந்துதான். 2025 ஜூன் 25 அன்று நம் சுபான்ஷு சுக்லா கிளம்பியதும் அங்கிருந்துதான். அவர் பத்திரமாகத் திரும்பி வந்தார்.

இதையெல்லாம் போன வாரம் பையனுக்குச் சொன்னேன். "பழசானதால் நிறுத்தலைடா. மறுபடி மறுபடி போகலாம்னு சொல்லித்தான் கட்டினாங்க, ஒவ்வொரு தடவையும் அதைக் கிளப்புறதுக்குப் பட்ட பாடும் பணமும் கட்டுப்படியாகலை. ரெண்டு தடவை அசட்டையா இருந்தாங்க, பதினாலு பேர் போயிட்டாங்க. அதுக்கப்புறம் ஒழுங்கா முடிச்சாங்க." கொஞ்ச நேரம் யோசித்தான். "அப்ப புஷ்பக்ல ஆள் போறதுக்கு முன்னாடி யாராவது இதையெல்லாம் அவங்களுக்குச் சொல்வாங்களா?" என்றான்.

தெரிந்துதான் வைத்திருப்பார்கள் என்றேன். ஸ்ரீஹரிகோட்டாவில் பொதுமக்கள் உட்கார்ந்து பார்க்க 2019இல் ஐயாயிரம் பேருக்குக் காலரி கட்டியிருக்கிறார்கள். அடுத்த முறை ஊருக்குப் போகும்போது மலையில் தரிசனம் முடித்துவிட்டு அவனை அங்கே கூட்டிப்போகவேண்டும்.