காகிதத்தில் பிழைத்த அணிவகுப்பு

1899 ஜூன் 1. நியூயார்க் காவல்துறையின் அணிவகுப்பு யூனியன் சதுக்கத்தைக் கடந்தபோது, எடிசன் கம்பெனி அதைப் படம் பிடித்தது. தியடோர் ரூஸ்வெல்ட் காவல் ஆணையராக இருந்த 1895-97 காலத்தில்தான் இந்தப் போலீஸ்காரர்களுக்கு முறையான துப்பாக்கிப் பயிற்சி தொடங்கியது. எல்லோர் கையிலும் ஒரே வகை .32 கோல்ட் ரிவால்வர் என்பதும் அவர் காலத்து ஏற்பாடுதான். அப்படிப் பழக்கப்பட்ட படையை ஊர் பார்த்த நாள் அது.

அன்றைய படச்சுருள் நைட்ரேட்டால் ஆனது. சட்டென்று தீப்பிடிக்கும், தீப்பிடிக்காவிட்டாலும் நாளாவட்டத்தில் மக்கிப்போகும். இந்தப் படம் தப்பியதற்குக் காரணம் திருட்டு பயம். அக்காலத்தில் ஒருவர் எடுத்த படத்தை இன்னொருவர் நகலெடுத்து விற்பது சகஜம். பதிப்புரிமை வாங்கலாம் என்றால் சட்டத்தில் சினிமாவுக்கு இடமில்லை, புகைப்படத்துக்குத்தான் உண்டு. எனவே கம்பெனிகள் முழுப் படத்தையும் நீளமான காகிதச் சுருளில் புகைப்படங்களாக அச்சிட்டு, வாஷிங்டனில் உள்ள காங்கிரஸ் நூலகத்தில் பதிவு செய்தன. 35 மில்லிமீட்டர் அகலக் காகிதத்தில், நடக்கும் போலீஸ்காரர் கட்டத்துக்குக் கட்டம் இம்மியளவே நகர்ந்திருப்பார்.

இப்படி 3,000-க்கும் மேற்பட்ட படங்கள் அங்கே சேர்ந்து, பல பத்தாண்டுகள் கேட்பாரற்றுக் கிடந்தன. நூலக ஊழியர் ஹோவர்ட் வால்ஸ் அவற்றின் அருமையை உணர்ந்து வெளியே கொண்டுவந்தார். ஆனால் காகிதத்தில் ஒளி ஊடுருவாது. புரொஜெக்டரில் ஓட்ட முடியாது. சுருங்கி நெளிந்திருந்த சுருள்களைக் கட்டம் கட்டமாகப் படமெடுத்து 16 மில்லிமீட்டர் ஃபிலிமுக்கு மாற்றியவர் கெம்ப் நைவர். அவரும் லாஸ் ஏஞ்சல்ஸில் போலீஸ்காரராக இருந்தவர்தான்! இந்த உழைப்புக்காக 1955-இல் அவருக்குச் சிறப்பு ஆஸ்கர் வழங்கப்பட்டது. இன்று அந்த அணிவகுப்பை யார் வேண்டுமானாலும் இணையத்தில் பார்க்கலாம்.

1912-இல் சினிமாவுக்கென்றே பதிப்புரிமை கிடைத்தது. காகிதத்துக்கு வேலையில்லாமல் போனது. தீ அபாயத்துக்கு அஞ்சிய நூலகம், பதிவுக்கு வந்த நைட்ரேட் சுருள்களைக் கம்பெனிகளிடமே திருப்பிக் கொடுத்தது. அவற்றில் ஏராளமானவை அழிந்தன. சட்டம் உரிமையைக் காத்தது, படத்தைக் கைவிட்டது. பதிவேட்டில் பெயர் இருந்தால் மட்டும் போதாது. எடுத்தவரிடம் ஒன்றும் பொது நூலகத்தில் ஒன்றுமாகப் பிரதிகள் இருந்தே தீர வேண்டும்.