கடைசி வண்டியில் சென்ற நகைச்சுவை நடிகர்

கதாநாயகர்களின் புகழ் காலம் கடந்து நிற்கிறது. அவர்கட்கு அருகில் நின்று மக்களைச் சிரிக்க வைத்தவர்களின் பெயரோ விரைவில் மறைந்துவிடுகிறது. அவ்வாறு மறைந்த பெயர்களுள் ஒன்று குர்ட் கெரோன் என்னும் ஜெர்மானிய நடிகருடையது. அவர் வரலாற்றைச் சுருங்க இங்கே தருகின்றோம்.

கெரோன் 1897 ஆம் ஆண்டு மே 11 ஆம் நாள் பெர்லின் நகரில் ஒரு யூத வணிகக் குடும்பத்தில் பிறந்தார். முதல் உலகப் போரில் ஜெர்மனிக்காகப் போர்முனை சென்று படுகாயமுற்றார், மருத்துவமும் பயின்றார். ஆயினும் 1920 முதல் நாடக மேடையே அவர் வாழ்வாயிற்று. பருத்த உடலும் கனத்த குரலும் அவருக்குத் துணை நின்றன. 1928 ஆகஸ்டு 31 அன்று பெர்லினில், பிரெக்ட் எழுதி வைல் இசையமைத்த ‘மூன்று காசு இசை நாடகம்’ அரங்கேறியது. அதில் காவல்துறைத் தலைவராக நடித்த கெரோன், தொடக்கப் பாடலையும் தாமே பாடிப் பெரும் புகழ் எய்தினார். 1930 இல் வெளிவந்த ‘நீலத் தேவதை’ என்னும் பேசும் படத்தில், மார்லீன் டீட்ரிச்சுடன் மாயவித்தைக்காரராகத் தோன்றினார். பின்னர்ப் படங்களை இயக்கவும் தொடங்கினார்.

1933 இல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்தார். அவ்வாண்டு ஏப்ரல் முதல் நாள், படப்பிடிப்பு நடந்துகொண்டிருந்தபோதே, யூதர் என்னும் ஒரே காரணத்தால் கெரோன் வெளியேற்றப்பட்டார். நாட்டிற்காக அவர் சிந்திய குருதி கணக்கில் வரவில்லை. பல ஊர்களில் அலைந்து ஹாலந்தில் அடைக்கலம் புகுந்தார். 1940 இல் ஹிட்லரின் படை அங்கும் வந்தது. 1943 இல் வெஸ்டர்போர்க் முகாமிலும், 1944 இல் தெரெசியென்ஸ்டாட் முகாமிலும் அடைக்கப்பட்டார்.

ஆங்கே கொடிய சோதனை காத்திருந்தது. கைதிகள் இன்புற்று வாழ்வதாக உலகை நம்பவைக்கும் பொய்ப்படம் ஒன்றை எடுக்குமாறு அவர் பணிக்கப்பட்டார். 1944 ஆகஸ்டிலும் செப்டம்பரிலும் அதனை எடுத்தார். அக்டோபர் 28 அன்று, அம்முகாமிலிருந்து ஆஷ்விட்சுக்குப் புறப்பட்ட கடைசி வண்டியில், சுமார் 2,000 பேருடன் அவரும் அவர்தம் மனைவியும் ஏற்றப்பட்டனர். ஆஷ்விட்சில் இருவரும் கொல்லப்பட்டனர்.

அப்படத்தை எடுத்தமைக்காக அவரைக் குறை கூறுவோர் உளர். உயிர் பிறர் கையில் இருக்கையில் ஒருவர் செய்ததற்குத் தீர்ப்புக் கூற நாம் யார்? ரயில்வேயில் பேனா பிடித்துப் பிழைக்கும் நமக்கு வேறொன்றே உறுத்துகிறது. முகாம்களுக்கு அனுப்பப்பட்டோருக்கும் ஜெர்மன் ரயில்வே கிலோமீட்டர் கணக்கில் ஒருவழிக் கட்டணம் வசூலித்தது. அக்கட்டணத்தைக் கூட்டியவர்களும், வண்டி நேரத்தைக் குறித்தவர்களும் நம்மைப் போன்ற குமாஸ்தாக்களே அன்றோ? அவர்களுடைய கூட்டலில் பிழை இருந்திராது. வண்டியில் இருப்போர் யார், எங்குச் செல்கின்றனர் என்று கேளாமல் இருந்ததே பிழை.

நாம் எழுதும் எண் ஒவ்வொன்றின் பின்னும் ஒரு மனிதர் இருக்கின்றார் என்பதை, கெரோனின் பெயரோடு நினைவிற்கொள்வோமாக.