தலைமையாசிரியர் நியமனம்: சிறுபான்மைப் பள்ளிகளின் உரிமையும் அதன் எல்லையும்

மதச் சிறுபான்மையினரும் மொழிச் சிறுபான்மையினரும் தாம் விரும்பும் கல்வி நிறுவனங்களை நிறுவி நிர்வகிக்கலாம் என்கிறது இந்திய அரசமைப்புச் சட்டத்தின் உறுப்பு 30(1). அந்த நிர்வாக உரிமையில் தலைமையாசிரியர் நியமனம் எவ்வளவு தூரம் அடங்கும் என்பது அரை நூற்றாண்டாக வழக்காடப்பட்டு வருகிறது. தகுதியை வரையறுப்பது அரசின் பொறுப்பு. தகுதியுள்ளோரில் ஒருவரைத் தேர்வது நிர்வாகத்தின் உரிமை. அத்தேர்வை நேர்மையாகச் செய்வது அவ்வுரிமையோடு ஒட்டிய கடமை. இக்கட்டுரை நிறுவ முயல்வது இதையே.

கேரளக் கல்வி மசோதா குறித்து 1958இல் கருத்துரைத்த உச்ச நீதிமன்றம், நிர்வகிக்கும் உரிமையில் சீர்கேடாக நிர்வகிக்கும் உரிமை அடங்காது என்றது. அரசின் ஒழுங்குமுறை அதிகாரத்துக்கு இதுவே அடித்தளம். அந்த அதிகாரத்தின் எல்லையை 1974இல் அகமதாபாத் புனித சேவியர் கல்லூரி வழக்கின் ஒன்பது நீதிபதிகள் அமர்வு ஆராய்ந்தது. நிறுவனத்தின் போக்கும் ஒழுங்கும் நற்பெயரும் அதன் முதல்வரையும் ஆசிரியர்களையும் பொறுத்தே அமைகின்றன. ஆகவே அவர்களைத் தேர்வதே நிர்வாக உரிமையின் தலையாய கூறு எனலாம் என்று நீதிபதி கே.கே. மாத்யூ தம் தீர்ப்பில் காரணம் காட்டினார்.

இக்கருத்து பள்ளிக்கூடத்துக்கு எப்படிப் பொருந்தும் என்பதைக் கேரளத்தின் எம்ஜே உயர்நிலைப்பள்ளி வழக்கில் (1998) காணலாம். தலைமையாசிரியர் பதவி பொதுவாகப் பணிமூப்பின்படி நிரப்பப்பட வேண்டும் என்பது கேரளக் கல்வி விதிகளின் ஏற்பாடு. அதன்படி பதவி தமக்கே உரியது என்று மூத்த ஆசிரியர் ஒருவர் வழக்காடினார். சிறுபான்மைப் பள்ளி நிர்வாகம் தகுதியுள்ள எவரையும், வெளியிலிருந்தாயினும் இருக்கும் ஆசிரியர்களிலிருந்தாயினும், தலைமையாசிரியராக்கலாம் என்று உச்ச நீதிமன்றம் தீர்த்தது. தகுதியையும் பணி நிபந்தனைகளையும் வகுப்பதற்கு அப்பால், சட்டத்தாலோ அரசாணையாலோ இவ்வுரிமையைக் குறைக்க முடியாது. சிறுபான்மைத் தகுதியை அரசு உருவாக்குவதில்லை. ஏற்கெனவே உள்ளதை அறிவிக்க மட்டுமே செய்கிறது என்பதையும் அத்தீர்ப்பு தெளிவாக்கியது.

சம்பளம் அரசு தரும்போது தேர்வும் அரசின் கையில் இருக்க வேண்டாமா என்ற கேள்வி எளிதில் ஒதுக்கத்தக்கதன்று. மானியம் பெறுவதால் முதல்வரைத் தேரும் உரிமையின் தன்மை மாறிவிடாது என்று மலங்கரை சிரியன் கத்தோலிக்கக் கல்லூரி வழக்கில் (2006) நீதிமன்றம் விடை தந்தது. மானியம் வழங்குவதில் சிறுபான்மை நிறுவனங்களுக்குப் பாகுபாடு காட்டக்கூடாது என்கிறது உறுப்பு 30(2). உரிமையை விட்டுக்கொடுத்தால்தான் மானியம் என்றால் அந்தப் பாதுகாப்புக்கே பொருளில்லாமல் போகும்.

இந்தத் தெளிவை 2020 ஜனவரியில் வந்த கோண்டாய் ரஹமானியா மதரசா வழக்கின் தீர்ப்பு கலைத்தது. மதரசாக்களுக்கு ஆசிரியர்களை அரசு அமைக்கும் ஆணையமே பரிந்துரைக்க வழிசெய்த மேற்கு வங்கத்தின் 2008ஆம் ஆண்டுச் சட்டத்தை இருவர் அமர்வு செல்லும் என்றது. மதத்தையோ மொழியையோ காக்கும் கல்விக்கு நிர்வாகத்தின் விருப்பம் மிகுதியாக மதிக்கப்படும். பொதுப்பாடக் கல்விக்குத் தரமே முதன்மை என்பது அதன் அளவுகோல். தரத்தின்மீது அத்தீர்ப்பு காட்டும் அக்கறை நியாயமானது. ஆனால் புனித சேவியர் கல்லூரி பொதுக்கல்வி தந்த கல்லூரி. 2002இல் பதினொரு நீதிபதிகள் தீர்த்த டி.எம்.ஏ. பாய் வழக்கு பொறியியல் கல்லூரியிலிருந்து எழுந்தது. பெரிய அமர்வுகள் பொதுக்கல்வி நிறுவனங்களை முன்வைத்தே வரையறுத்த உரிமையைப் பாடத்தின் இயல்பை வைத்துச் சுருக்குவது பொருந்தாது. மேலும், தன்னிடம் மேலான தகுதியுடையவர் இருந்தால் ஆணையத்தின் பரிந்துரையை நிறுவனம் மறுக்கலாம் என்று இத்தீர்ப்பே ஒப்புகிறது.

இங்கே நிர்வாகங்களின் கடமையும் வருகிறது. இருபது ஆண்டுகள் பணியாற்றிய ஆசிரியரைக் கடந்து இளையவரை நியமிக்கும் தாளாளர், அதற்கான காரணத்தை எழுத்தில் பதிய வேண்டும். தமிழ்நாட்டின் 1974ஆம் ஆண்டுத் தனியார் பள்ளி விதிகள் பதவி உயர்வுக்குத் தகுதியையும் திறமையையும் முதலில் வைத்து, அவை ஏறக்குறைய ஒத்திருக்கும்போதே பணிமூப்பைக் கணக்கில் கொண்டன. இந்த அளவுகோலைச் சிறுபான்மை நிர்வாகங்கள் தாமாக ஏற்றால் அவற்றின் உரிமை சிறிதும் குறையாது. உறவும் சலுகையும் தேர்வைத் தீர்மானித்தால், 1958இன் எச்சரிக்கை அவர்களுக்கு எதிராகவே நிற்கும்.

கல்வித் துறையும் நியமன ஒப்புதலின்போது கல்வித்தகுதி, அனுபவம், பணியிட அனுமதி ஆகியவற்றை மட்டும் சரிபார்க்க வேண்டும். 'மூத்தவரை ஏன் விட்டீர்கள்' என்று கேட்டுக் கோப்பை முடக்கக் கூடாது. 2020 தீர்ப்பின் அளவுகோலைப் பெரிய அமர்வொன்று மறுபரிசீலனை செய்து, உரிமையையும் நேர்மையையும் ஒருசேரக் காக்கும் விதியை வகுக்க வேண்டும்.