மேடையிலிருந்து நீதிமன்றத்துக்கு

"நடுவர் ஓரவஞ்சனை செய்திட்டார், கோர்ட்டுக்குப் போவம்" என்றார் அத்தான். மோர்னிங்சைட்டில் எங்கள் வீட்டில், மகள் நடனப் போட்டியில் இரண்டாமிடம் பெற்ற அன்று. எனக்குக் கேரளம் நினைவுக்கு வந்தது.

அங்கே மாநிலப் பள்ளிக் கலைவிழா 1957இல் எர்ணாகுளத்தில் தொடங்கியது. அதில் பெறும் தரம் பரீட்சையில் சலுகைப் புள்ளியாகும். அதனால், மாவட்டப் போட்டியில் பின்தங்கிய பிள்ளைகளின் பெற்றோர், மேன்முறையீட்டுக் குழு கைவிட்டதும் நீதிமன்றம் போனார்கள். கலாதிலகம், கலாபிரதிபா பட்டங்களை நிறுத்திய பிறகும் வழக்குகள் ஓயவில்லை. 2018 திருச்சூர் விழாவில், குழந்தை உரிமை ஆணையத்தின் பெயரில் போலி உத்தரவுகளே பிடிபட்டன. 2023 கோழிக்கோடு விழாவை ஒட்டி வந்த வழக்குகளில், தோல்வியை ஏற்கவும் பிள்ளைகளைப் பழக்க வேண்டும் என்று உயர்நீதிமன்றம் பெற்றோருக்கு எடுத்துச் சொன்னது.

அபிநயத்தின் அழகை நீதிபதி அளக்க முடியாது. ஆனால் நடுவர் எப்படி அளந்தார் என்று கேட்கப் பிள்ளைக்கு உரிமை உண்டு. அந்தக் கதவு மூடியிருக்கும்போதுதான் சந்தேகம் வழக்காகிறது.

அன்றிரவே ஏற்பாட்டாளர்களுக்கு எழுதினேன்: முடிவை மாற்ற வேண்டாம், மகளின் புள்ளிப் பத்திரத்தை அவளுக்குக் காட்டுங்கள்.