பவுண்டன்ஸ் மடமும் அதன் நிலங்களும்

இறைபணிக்கென நிலம் அளிப்போர் அதனைத் தம் காலத்துக்கு மட்டும் அளிப்பதில்லை. என்றென்றைக்கும் என்றே சாசனத்தில் எழுதுகின்றனர். ஆங்கில நாட்டிலும் இடைக்காலத்தே இவ்வழக்கு ஓங்கியிருந்தது. முதலாம் வில்லியம் மன்னன் ஊர்தோறும் வினவி 1086-ஆம் ஆண்டில் எழுதுவித்த டூம்ஸ்டே ஏட்டை நோக்கின், அந்நாட்டு நிலத்தில் ஏறக்குறைய நாலில் ஒரு பங்கு திருச்சபைக்கும் மடங்களுக்கும் உரியதாயிருந்தமை புலனாகும். அதற்குப் பின் தோன்றிப் பெருநிலம் பெற்றவற்றுள் யார்க்ஷயரிலுள்ள பவுண்டன்ஸ் மடம் ஒன்று.

யார்க் நகரத்துப் புனித மரியாள் மடம் செல்வம் மலிந்தது. அங்கே பெனடிக்ட் முனிவர் வகுத்த ஒழுக்கம் தளர்ந்ததென வருந்திய பதின்மூன்று துறவியர் 1132-இல் அதனைவிட்டு நீங்கினர். தலைமைக் குருவாகிய தர்ஸ்டன், ஸ்கெல் என்னும் சிற்றாற்றங்கரையில் பாறையும் முட்புதரும் மண்டிய பள்ளத்தாக்கு ஒன்றை அவர்கட்கு அளித்தார். கடுங்குளிர், கூரையோ இல்லை. ஓர் எல்ம் மரத்தடியே உறைவிடமாயிற்று. பஞ்சம் வந்த காலத்து மரத்தின் இலைகளை வேகவைத்து உண்டனர் என்று, சேர்லோ என்னும் முதிய துறவி சொல்ல எழுதப்பெற்ற மட வரலாறு கூறுகின்றது.

அவ்வரலாறு கூறும் நிகழ்ச்சி இன்னொன்றும் உண்டு. வழிப்போக்கன் ஒருவன் வாயிலில் நின்று உணவு வேண்டினான். மடத்தில் இருந்தவை இரண்டரை ரொட்டிகளே. மடாதிபதி அவற்றுள் ஒன்றை அவனுக்கு ஈயச் செய்து, எஞ்சியவற்றை வேலைசெய்யும் தச்சருக்கு ஒதுக்கினார். சிறிது போழ்தில் நேர்ஸ்பரோ கோட்டைத் தலைவன் அனுப்பிய ஒரு வண்டி ரொட்டி வந்து சேர்ந்தது. புனித பெர்னார்டின் வழிகாட்டலால் இவர்கள் சிஸ்டெர்சியன் சபையில் சேர்ந்தனர். 1135-இல் யார்க் பேராலயத் தலைவர் ஹ்யூ தம் பொருளோடும் நூல்களோடும் மடம் புகவே வறுமை நீங்கிற்று.

பின்னர்ப் பெருநிலக்கிழாரும் சிறு நிலமுடையோரும் போட்டியிட்டு நிலம் வழங்கினர். தம் ஆன்மாவும் பெற்றோர் ஆன்மாவும் நற்கதி அடைதற்பொருட்டு, இறைவனுக்கும் புனித மரியாளுக்கும் துறவியருக்கும் தூய தருமமாக என்றென்றும் அளித்ததாகச் சாசனங்கள் அமைந்தன. அந்நிலத்துக்காக மடம் படைக்கு ஆள் அனுப்ப வேண்டுவதில்லை. அளித்தோர்க்காக இடைவிடாது பிரார்த்தித்தலே கடன்.

குத்தகை வாங்கி உண்ணுதல் சிஸ்டெர்சியன் விதிக்கு மாறானது. ஆதலின் தொண்டுச் சகோதரர் என்னும் ஒரு பிரிவினர் தாமே உழுதனர், ஆடு மேய்த்தனர். மடத்திலிருந்து ஒரு நாள் நடைத்தொலைவுக்குள் பண்ணைகள் அமையவேண்டும் என்பது சபையின் கட்டளை. நிலம் பெருகப் பெருக அது காற்றில் விடப்பட்டது. ஆட்டுமயிரை இத்தாலிய வணிகர் வாங்கினர். வருங்கால மயிருக்கும் முன்பணம் பெற்றமையால், ஆடுகள் நோயுற்றபோது மடம் கடனில் ஆழ்ந்தது. தனிமை நாடிய துறவியர் பண்ணைகளுக்காகச் சில சிற்றூர்களைக் குடியெழுப்பியதும் உண்டு. தருமநிலத்திலிருந்து ஏழையை அகற்றியது எவ்வாற்றானும் பொருந்தாச் செயலே.

மடத்துக்கு இறப்பில்லை; வாரிசுரிமையால் அதன் நிலம் கைமாறுவதும் இல்லை. அதனால் தமக்கு வரவேண்டிய வரிகளை இழந்த மன்னர் பொறுத்திருப்பரோ? முதலாம் எட்வர்டு 1279-இல் ஒரு சட்டம் இயற்றி, அரசன் இசைவின்றிச் சமயநிலையங்களுக்கு நிலம் அளித்தலைத் தடுத்தான். 1348-49-இல் பரவிய கொள்ளைநோய்க்குப் பின் தொண்டுச் சகோதரர் அருகினர். பண்ணைகள் குத்தகைக்குச் சென்றன. முன்னோர் கைக்கொண்ட உழைப்பு மறைய, வருவாய்க் கணக்கே எஞ்சியது.

அக்கணக்கே பின்னர் வினையாயிற்று. எட்டாம் ஹென்ரி 1535-இல் மடங்களின் வருவாயை மதிப்பிடச் செய்தான். பவுண்டன்ஸின் ஆண்டு வருவாய் ஆயிரம் பவுனுக்கு மேற்பட்டது. நாட்டின் சிஸ்டெர்சியன் மடங்களுள் அதுவே முதலிடம் பெற்றது. 1536-இல் இருநூறு பவுனுக்குக் குறைந்த வருவாயுடைய மடங்களை மூடும் சட்டம் வந்தது. அதனைப் பொறாத வடநாட்டு மக்கள் அவ்வாண்டே திரண்டெழுந்து ஒறுக்கப்பட்டனர்.

பெருமடங்கள் வீழ்ந்த முறை வேறு. சாசனங்கள் நிலத்தை இறைவனுக்கென்றே கூறினும், சட்டத்தின் கண்ணில் அதனை உடையோர் மடாதிபதியும் துறவியருமே. அவர்கள் தாமே அரசனிடம் ஒப்படைத்ததாக ஆவணம் எழுதுவிக்கப்பட்டது. கிளாஸ்டன்பரி மடாதிபதி ரிச்சர்டு வைட்டிங் 1539 நவம்பர் 15-இல் தூக்கிலிடப்பட்டார். அடுத்த பதினோராம் நாள் பவுண்டன்ஸ் மடாதிபதி மார்மடியூக் பிராட்லி ஒப்படைப்பு ஆவணத்தில் முத்திரையிட்டார். அவருக்கு ஆண்டுக்கு நூறு பவுன் ஓய்வூதியம் கிடைத்தது. நானூறு ஆண்டுகளாக நிலம் அளித்தவரின் வழித்தோன்றல்களை எவரும் கேட்கவில்லை. அவர் முன்னோர்க்கான பிரார்த்தனைகளும் அன்றோடு நின்றன.

மறு ஆண்டே மடமும் நிலங்களிற் பெரும்பகுதியும் லண்டன் வணிகராகிய ரிச்சர்டு கிரஷாமுக்கு விற்கப்பட்டன. கூரையின் ஈயம் உரிக்கப்பட்டது. 1597-இல் அவ்விடத்தை வாங்கிய ஸ்டீபன் பிராக்டர் மடத்துக் கற்களைக் கொண்டே தமக்கு மாளிகை எடுத்தார். இடிந்த கோயிற் சுவர்களும் உயர்ந்த கோபுரமும் அம்மாளிகைக்கு அருகில் இன்றும் நிற்கின்றன. மடத்தார் மேய்ச்சல் நிலம் பெற்றிருந்த மேற்குமலைப் பகுதியில் ஒரு குன்று பவுண்டன்ஸ் குன்று என்றே வழங்கப்பெறுகின்றது.