மலையேறிய இருபது அம்சங்கள்

இந்தியா விடுதலை பெற்ற நாளைப் பள்ளிப் பிள்ளையும் சொல்லும். கள்ளக்குறிச்சிக்கு மேற்கே நீண்டு கிடக்கும் கல்வராயன் மலையில் ஜாகிர்தார் ஆட்சி முடிந்தது எப்போது என்று கேட்டால் நம்மில் பலர் தயங்குவோம். அது 1976. செங்கோட்டையில் கொடி ஏறி இருபத்தொன்பது ஆண்டுகள் கழிந்த பின்னர். அதற்குள் நாட்டில் ஐந்து நாடாளுமன்றப் பொதுத்தேர்தல்களும் நான்கு ஐந்தாண்டுத் திட்டங்களும் நடந்து முடிந்திருந்தன.

தமிழிலக்கியம் பயின்றவர்களுக்கு இந்நிலப்பகுதி புதிதன்று. கபிலர் பாடிய மலையமான் திருமுடிக்காரியின் கோவலூர், இன்றைய கள்ளக்குறிச்சி மாவட்டத்துத் திருக்கோவிலூரே. சங்கப் பாடல்களில் மலை என்பது கொடுக்கும் இடம். பாணரும் புலவரும் பெற்றுத் திரும்பும் இடம். வருவாய்த்துறைப் பதிவேடுகளிலோ மலை வரி செலுத்தும் இடம். இவ்விரு மலைகளுக்கும் இடைப்பட்ட தொலைவே நமது பொருள்.

மலையில் வாழ்வோர் தம்மை மலையாளி என்பர். கேரளத்துக்கும் இப்பெயருக்கும் தொடர்பில்லை. மலையை ஆள்பவர் என்பதே அவர்கள் கொள்ளும் பொருள். காஞ்சிபுரத்திலிருந்து புறப்பட்ட மூன்று உடன்பிறந்தாரின் வழிவந்தவர் என்னும் கதை சேர்வராயன், பச்சைமலை, கொல்லிமலை ஆகியவற்றில் வழங்குவதை எட்கர் தர்ஸ்டன் 1909இல் வெளிவந்த தமது தொகுதிகளில் பதிவு செய்துள்ளார். ஆளும் பெயர் மக்களுக்கு இருந்தது. ஆட்சியோ வேறிடத்தில் இருந்தது. மலையின் தென்னார்க்காட்டுப் பகுதி சடையக் கவுண்டர், குரும்பக் கவுண்டர், ஆரியக் கவுண்டர் என்னும் பட்டங்களைத் தாங்கிய மூன்று ஜாகிர்களாகப் பிரிந்திருந்தது. ஜாகிர்தார்களும் அம்மக்களுள் ஒருவரே என்பதை மறந்துவிடக் கூடாது. ஏற்றத்தாழ்வு எப்போதும் வெளியிலிருந்து வந்து குடியேறுவதில்லை. சில வேளைகளில் உறவுமுறை சொல்லியே அழைக்கப்படுகிறது.

சமவெளியில் 1948ஆம் ஆண்டின் சென்னை எஸ்டேட் ஒழிப்புச் சட்டம் ஜமீன்களை முடித்து வைத்து, நிலத்தை ரயத்துவாரி முறைக்குக் கொண்டுவந்தது. உழவர் பெயரும் சர்வே எண்ணும் பரப்பும் ஒரே வரியில் எழுதப்பட்டன. அந்த ஒற்றை வரியின் வலிமை பெரிது. அதைக் காட்டிக் கடன் பெறலாம், வழக்காடலாம், மகனுக்கு விட்டுச் செல்லலாம். மலையில் அந்த வரி எழுதப்படவில்லை. சாமையும் கேழ்வரகும் விளைந்த சரிவுகளில் பல தலைமுறைகள் பாடுபட்டிருந்தும், பாடுபட்டவர் பெயரில் காகிதம் ஒன்றும் இருக்கவில்லை.

இந்நிலையில்தான் 1975 ஜூலை 1 அன்று பிரதமர் இந்திரா காந்தி இருபது அம்சப் பொருளாதாரத் திட்டத்தை அறிவித்தார். நெருக்கடி நிலை பிறப்பிக்கப்பட்டு ஒரு வாரம்கூட நிறைவுறவில்லை. நில உச்சவரம்பை விரைந்து நிறைவேற்றுதல், நிலமற்றோருக்கு வீட்டுமனை, கொத்தடிமை ஒழிப்பு, கிராமப்புறக் கடன் நிவாரணம், விவசாயக் கூலி உயர்வு என ஏழையின் வருவாயை உயர்த்தும் உறுதிமொழிகள் அதில் நிறைந்திருந்தன. அதே ஆண்டு அக்டோபரில் கொத்தடிமை முறை ஓர் அவசரச் சட்டத்தால் ஒழிக்கப்பட்டது; 1976இல் அது நிலையான சட்டமாயிற்று. 1976 ஜனவரி 31 அன்று தமிழகத்தில் தி.மு.க. ஆட்சி கலைக்கப்பட்டுக் குடியரசுத் தலைவர் ஆட்சி வந்தது. அவ்வாண்டிலேயே கல்வராயன் மலையின் ஜாகிர்கள் அரசின் கைக்கு வந்தன.

அந்த ஒழிப்பு முழுவதையும் இருபது அம்சத் திட்டத்தின் கணக்கில் எழுதுவது மிகையாகும். நில இடைத்தரகரை நீக்கும் சட்டப்பணி அதற்கு முன்பே தொடங்கியிருந்தது. ஆயினும் அக்காலத்தின் முத்திரை அதில் உண்டு. பத்திரிகைகள் தணிக்கைக்கு உட்பட்டு, எதிர்த்துப் பேசியோர் சிறையில் இருந்த காலத்தில் மலைக்கு விடுதலை ஆணையாகவே வந்து சேர்ந்தது. நல்ல ஆணைதான். ஆனால் ஆணையிடுபவர் மலைவாசியிடம் எதுவும் கேட்க வேண்டியிருக்கவில்லை.

விளைவு என்ன? சமத்துவத்துக்கு இரண்டு படிகள் உண்டு எனலாம். மேலே இருப்பவரை இறக்குவது ஒன்று. கீழே இருப்பவரின் பெயரை எழுதுவது மற்றொன்று. முதற்படி ஓர் அரசாணையில் முடிந்தது. இரண்டாவது படிக்கு நில அளவையர் ஒவ்வொரு சரிவிலும் ஏறி இறங்க வேண்டும். காடு எது, விளைநிலம் எது என்ற வழக்கைத் தீர்க்க வேண்டும். ஜாகிர்தாரின் காடு வனத்துறையின் காடாயிற்று. நேற்றுவரை ஜாகிர்தாரைக் கேட்டுக் கடுக்காய் பொறுக்கியவர் இன்று வனக்காவலரைக் கேட்க வேண்டியவரானார்.

பழங்குடியினரின் நிலத்துக்கு அரண் செய்யும் அரசமைப்பின் ஐந்தாம் அட்டவணையில் தமிழ்நாட்டின் பகுதி ஒன்றுகூட இடம்பெறவில்லை. 2006ஆம் ஆண்டின் வன உரிமைச் சட்டம் ஒரு வாய்ப்பைத் தந்தது. ஆனால் 2008இல் சென்னை உயர் நீதிமன்றம் இட்ட தடையால் தமிழகத்தில் உரிமைப் பட்டயங்கள் வழங்கப்படுவது முடங்கியது. 2016இல் உச்ச நீதிமன்றத்தில்தான் அத்தடை நீங்கியது. இடையே சாமை நின்ற சரிவுகளில் மரவள்ளி பெருகிற்று. கிழங்கு சேலத்து ஜவ்வரிசி ஆலைகளுக்குப் போகிறது. விலையைத் தீர்மானிப்பவர் கீழே இருக்கிறார். பட்டா இல்லாதவருக்கு வங்கிக் கடன் எட்டாக்கனி. வியாபாரியின் முன்பணமே கதி. பருவம் தவறினால் காப்பித் தோட்டங்களுக்கும் செங்கல் சூளைகளுக்கும் குடும்பமாகப் பயணம்.

2019இல் கள்ளக்குறிச்சி தனி மாவட்டமாயிற்று. 2024 ஜூனில் நகரின் கருணாபுரத்தில் மெத்தனால் கலந்த சாராயம் அறுபதுக்கும் மேற்பட்ட உயிர்களைக் குடித்தது. அதன் பின்னரே கல்வராயன் மலை மக்களின் வாழ்நிலையைச் சென்னை உயர் நீதிமன்றம் தாமாக முன்வந்து விசாரணைக்கு எடுத்தது. சாலை, மருத்துவம், பள்ளி எனக் கேள்விகள் எழுந்தன. இவற்றுள் எதுவும் 1975இல் கேட்டிருக்கக் கூடாத கேள்வியன்று.

வருவாயை உயர்த்துவோம், ஏற்றத்தாழ்வைக் குறைப்போம் என்னும் திட்டங்கள் இனியும் வரும். இருபது அம்சத் திட்டமே 1982, 1986, 2006 ஆகிய ஆண்டுகளில் புது உருக்கொண்டு வந்ததுதான். எந்தத் திட்டத்தையும் நாம் அளக்க வேண்டிய கோல் ஒன்றே: யாரை இறக்கியது என்பதோடு நின்றுவிடாமல், யார் பெயரை எந்தப் பதிவேட்டில் எழுதியது என்றும் கேட்க வேண்டும். தன்னை மலையை ஆள்பவர் என்று அழைத்துக்கொள்ளும் மக்களுக்கு, அந்தப் பெயருக்குரிய ஒரு துண்டுக் காகிதத்தையாவது நாம் கடன்பட்டிருக்கிறோம்.